தாருமாவின் இரண்டாவது கண்

அத்தியாயம் 9

தாருமா பொம்மையின் கண்ணுக்குக் கட்டுப் போட்டிருந்தார்கள்.

மருந்துக்கடையில் விற்கிற சாதாரண வெள்ளைக் கண்பட்டைதான். ஆனால் பொம்மை இடுப்புயரம் இருந்தது, தலை ஒரு பீப்பாய் அளவு. ரப்பர் நாடா எட்டாததால் பார்சல் ஒட்டுகிற டேப்பை இரண்டு சுற்றுச் சுற்றி ஒப்பேற்றியிருந்தார்கள்.

மொமோசே வாயைப் பொத்திக்கொண்டு இருமினாள். அது இருமல் இல்லை, சிரிப்பு. இருபது வருடம் சுற்றுலாப் பேருந்தில் மைக் பிடித்து ஊரைச் சிரிக்க வைத்தவள் அவள். துப்பறிவாளர் ஹகுராவிடம் உதவியாளராகச் சேர்ந்தபோது அவர் போட்ட ஒரே நிபந்தனை, வழக்கு கொண்டுவருகிறவர் முன்னால் சிரிக்கக் கூடாது என்பது. அதைக் காப்பாற்றுவதற்குள் அவளுக்கு உயிர் போய்விடும்.

"கண்ணுல என்னங்க, கட்டியா?" என்றாள்.

"வர்றவங்ககிட்ட அப்படித்தான் சொல்லச் சொல்லியிருக்கேன்," என்றார் பெரியவர் இசோகாய், முகத்தில் ஒரு சுளிப்புகூட இல்லாமல்.

குரோமினே நகரத்தை ஐந்து தவணை மேயராக இருந்து ஆண்டவர் அவர். வயதாகிவிட்டது என்று இந்த முறை ஒதுங்கி, வீட்டோடு மாப்பிள்ளையாகிக் குடும்பப் பேரையும் ஏற்றுக்கொண்ட தொமோஹாருவை நிறுத்தியிருந்தார். ஒதுங்கினார் என்றால், நாற்காலியிலிருந்து எழுந்து நாற்காலிக்குப் பின்னால் போய் நின்றுகொண்டார் என்று அர்த்தம். மூடிப்போன ஒரு மெத்தைக் கடையை வாடகைக்குப் பிடித்துத் தேர்தல் ஆபீஸ் போட்டிருந்தார்கள். வாக்குப்பதிவு நாளை மறுநாள்.

எங்கள் குன்மா மாகாணத்தில் தாருமா இல்லாமல் தேர்தல் கிடையாது. ஆபீஸ் திறக்கும் அன்று வேட்பாளர் மனதுக்குள் வேண்டிக்கொண்டு, பொம்மைக்கு ஒரு கண்ணை மட்டும் மையால் வரைவார். மறு கண் வெள்ளையாகவே காத்திருக்கும். வேண்டியது பலித்த பிறகு, எல்லோரும் கைதட்ட, அதையும் வரைவார். நேற்றுக் காலை ஆபீஸைத் திறந்தபோது, காத்திருக்க வேண்டிய அந்தக் கண்ணை யாரோ வரைந்து முடித்திருந்தார்கள்.

"ரெண்டு கண்ணும் வந்துட்டா பொம்மைக்கு வேலை முடிஞ்சுபோச்சு," என்றார் பெரியவர். "அப்புறம் அது எதுக்கு நமக்காகப் பாடுபடும்? நம்ம பசங்களும் ஜெயிச்சாச்சுன்னு காலை நீட்டிப் படுத்துடுவானுங்க. பத்திரிகைக்காரன் பாத்தான்னா, ஓட்டு விழறதுக்கு முன்னாடியே கொண்டாடிட்டாங்கன்னு கிழிச்சுத் தொங்க விடுவான். செஞ்சது யாருன்னு எனக்குத் தெரியும். நீங்க நிரூபிச்சுக் குடுத்தா போதும்."

"பதிலைக் குடுத்துட்டுக் கேள்வி கேக்கறீங்க," என்றாள் மொமோசே. "பரீட்சையும் இப்படி இருந்திருந்தா நான் இந்நேரம் டாக்டரு."

ஹகுரா அவளைப் பார்த்த பார்வையில் நிபந்தனை ஞாபகத்துக்கு வந்தது. "யாருங்க?" என்று கேட்டார் அவர்.

"ஒகிட்சு. பிரசார வண்டியில மைக்ல பேசற அம்மா. அவ தம்பி எதிராளிக்குப் போஸ்டர் ஒட்டறான். ஆபீஸ் சாவியும் அவகிட்டதான். நாலு மணிக்கு எல்லாரையும் கூட்டியிருக்கேன். அங்க வெச்சுப் பேரைச் சொல்லி வெளியே அனுப்பப்போறேன்."

மொமோசே சுவர்க் கடிகாரத்தைத் திரும்பிப் பார்த்தாள். ஒகிட்சு அவளோடு ஒரே பேருந்துக் கம்பெனியில் வேலை பார்த்தவள். இந்த வேலைக்கு அவளைச் சிபாரிசு செய்ததே மொமோசேதான். துரோகி என்று ஒருமுறை பேர் வாங்கிவிட்டால், அப்புறம் இந்த மாகாணத்தில் எந்த வேட்பாளரும் அவள் கையில் மைக்கைக் கொடுக்க மாட்டான். தொண்டையைத் தவிர ஒகிட்சுவுக்கு வேறு சொத்தும் இல்லை.

தேநீர் ஊற்றுகிற மூலையில் இஞ்சித் தேன் குடித்துக்கொண்டு அவள் நின்றிருந்தாள். மொமோசேவைக் கண்டதும் கண் கலங்கியது.

"நான் செய்யலடி. இவங்க ஜெயிச்சா நாலு வருஷம் கழிச்சு மறுபடி கூப்பிடுவாங்கன்னு நான் நெனைச்சிட்டிருக்கேன். நான் போயி கெடுப்பேனா?"

"உனக்கு மூளை கம்மிதான், ஆனா அவ்வளவு கம்மி இல்லைன்னு எனக்குத் தெரியும்டி. மணி நாலாகறதுக்குள்ள பாத்துக்கலாம். மூக்கைச் சிந்து."

ஹகுரா இதற்குள் ஒரு யாகிமஞ்சூ குச்சியோடு பொம்மை முன்னால் நின்றிருந்தார். மிஸோ என்கிற சோயா விழுதைத் தடவிச் சுட்ட அந்த மாவுருண்டை கையில் இல்லாமல் அவருக்கு மூளை ஓடாது. கண்பட்டையை மெல்லத் தூக்கிப் பார்த்தார்.

"கைரேகை எடுக்கலாமா சார்?" என்றாள் மொமோசே.

"சுத்தி ஒரு பார்வை பாரும்மா."

பார்த்தாள். துண்டுப் பிரசுரம் மடிக்கிறவனிலிருந்து குடை துடைக்கிறவன் வரைக்கும் எல்லோரும் தேர்தல் வழக்கப்படி வெள்ளைக் கையுறை போட்டிருந்தார்கள்.

"சரி, விஞ்ஞானத்துக்கு இன்னிக்கு லீவு," என்றாள்.

"பட்டையை விடு, கண்ணைப் பாரு. நீ எதிராளியோட ஆளுன்னு வெச்சுக்கோ. உள்ள வந்து என்ன பண்ணுவே?"

"பொம்மையை உருட்டி விடுவேன். மீசைக்கு மேல இன்னொரு மீசை போடுவேன். ரொம்பக் கோவம்னா எதிராளி பேரை நெத்தியில எழுதுவேன்."

"இதைச் செஞ்ச ஆளு அப்படி எதுவும் பண்ணல. மை ஒரு சொட்டு சிந்தல. நிதானமா, வட்டமா, மரியாதையா வரைஞ்சிருக்கான். இது நாசவேலை இல்லம்மா, நன்றி சொல்ற வேலை. இந்தக் கட்டடத்துல யாருக்கோ வேண்டினது பலிச்சிருக்கு. ஆசை நிறைவேறின ஆளைத் தேடு, போதும்."

தேர்தலுக்கு இரண்டு நாள் இருக்கும்போது ஒரு தேர்தல் ஆபீஸில் சந்தோஷமான ஆளைத் தேடுவது லேசான காரியமா? ஒருத்தனுக்குத் தொண்டை கட்டியிருந்தது, ஒருத்தனுக்கு முதுகு பிடித்திருந்தது, மூன்றாமவன் நின்றபடியே தூங்கிக்கொண்டிருந்தான். எல்லோரையும்விட விறைப்பாக நின்றவர் செரா, டோக்கியோவிலிருந்து வந்த இலக்கு ஆலோசகர். சுவர் முழுக்கக் கட்டம் கட்டமாக ஒரு வரைபடம் மாட்டியிருந்தார். நடுக் கட்டத்தில் இலக்கு. சுற்றியுள்ள கட்டங்களில் அதை அடைய வேண்டிய செயல்கள். அந்தச் செயல்களுக்கு வேண்டிய செயல்கள் அதற்கும் வெளியே. 'புன்னகை' என்று ஒரு கட்டம். 'புன்னகைக்கு முன் பல் துலக்கல்' என்று அதை ஒட்டி இன்னொன்று.

"மனித மூளை இப்படித்தான் வேலை செய்யுது," என்றார் செரா. "முடிவை முதல்ல நெனைக்கும். அப்புறம் பின்னாடியே நடந்து வந்து, இப்ப எந்தக் காலை எடுத்து வைக்கணும்னு கண்டுபிடிக்கும்."

"நடுவுல என்ன எழுதியிருக்கீங்க?" என்றார் ஹகுரா.

"வெற்றி."

"ஜெயிச்சு?"

செரா வரைபடத்தைத் திரும்பிப் பார்த்தார். மேலிருந்து கீழாக ஒருமுறை, இடமிருந்து வலமாக ஒருமுறை. "அது அடுத்த ஒப்பந்தத்துல வரும்," என்றார் கடைசியில்.

இருவரும் ஒவ்வொருவராகக் கேட்டுப் பார்த்தார்கள். உங்களுக்கு என்ன வேண்டும் என்று கேட்டால், இன்றைக்கு என்ன வேலை என்பதைத்தான் மளமளவென்று ஒப்பித்தார்கள். போஸ்டர் ஒட்டணும், போன் போடணும், ஸ்டேஷன் வாசலில் குனிந்து கும்பிடணும். எதற்கு என்று கேட்டால், வரைபடத்தைக் கையால் காட்டினார்கள். இந்த ஊரில் சாக்கடை அடைத்துக்கொள்கிறது, அதைச் சரிசெய்யணும் என்று ஒருத்தனாவது சொல்வான் என்று மொமோசே கடைசிவரை எதிர்பார்த்தாள். அவளை அறியாமல் கோபம் வந்தது.

"சாவி ஒகிட்சுகிட்ட மட்டும்தானா?" என்று பெரியவரிடம் திரும்பப் போய்க் கேட்டாள்.

"அவகிட்ட மட்டும்தான். மாப்பிள்ளைகிட்ட ஒண்ணு இருக்கு. அது கணக்குல வராது."

"வேட்பாளரே கணக்குல வராத தேர்தலை இப்பதான் பாக்கறேன்," என்று அவள் முணுமுணுத்தது ஹகுராவுக்கு மட்டும் கேட்டது. அவர் கண்டிக்கவில்லை. மாவுருண்டையை மெல்லுவதை நிறுத்திவிட்டு, மறுபடி பொம்மை முன்னால் போய் நின்றார்.

"மொமோசே, இது எங்க பாக்குது?"

அப்போதுதான் அவளும் கவனித்தாள். தாருமா என்றால் நேரே முறைக்கும். அதுதான் அதன் லட்சணம். இந்தப் பொம்மையின் முதல் கண் ஓரமாகப் பார்த்தது. வேட்பாளருக்குக் கை நடுங்கிவிட்டது என்று ஆபீஸ் திறந்த அன்று ஊரே கிண்டலடித்த கண் அது. கட்டுக்குள் இருந்த இரண்டாவது கண்ணும் அதே ஓரத்தைத்தான் பார்த்தது. அந்தப் பார்வையைப் பிடித்துக்கொண்டு மொமோசே தலையைத் திருப்பினாள். தேநீர் மூலை. அங்கே ஒகிட்சு, இஞ்சித் தேனும் கையுமாக.

"ஐயோ சார், வேண்டாம்," என்றாள்.

"இன்னிக்கு அங்க யாரு நிக்கிறாங்கங்கறதை விடு. அன்னிக்கு யாரு நின்னாங்க?"

திறப்பு விழாப் படத்தைப் பெரிதாக்கி வாசலில் மாட்டியிருந்தார்கள். பெரியவர் கேமராவைப் பார்த்தார், செரா கேமராவைப் பார்த்தார், பின்வரிசையில் எட்டிப் பார்த்தவர்கள்கூட கேமராவைத்தான் பார்த்தார்கள். தூரிகை பிடித்த தொமோஹாரு மட்டும் பக்கவாட்டில் எங்கேயோ பார்த்துக்கொண்டிருந்தான். அவன் பார்த்த பக்கம், படத்தின் விளிம்பில், தேநீர்க் கெண்டியைப் பிடித்த ஒரு கையும் ஊதா நிறக் கிமோனோவின் ஓரமும் தெரிந்தன.

"ஊதாக் கிமோனோ யாரு?" என்று ஒகிட்சுவைக் கேட்டாள்.

"ஃபுமியே அம்மா. பெரியவரோட பொண்ணு. வேட்பாளரோட சம்சாரம்."

ஆபீஸின் பின்பக்கக் கூரைக்கடியில், கவிழ்த்துப்போட்ட பெட்டி மேல் உட்கார்ந்து தொமோஹாரு சோற்றுருண்டை தின்றுகொண்டிருந்தான். தூறிக்கொண்டிருந்தது. தோளில் தன் பெயர் எழுதின பட்டை, இரண்டு கன்னத்திலும் சோறு. தேர்தல் வாரத்தில் எடை கூடின வேட்பாளரை மொமோசே அன்றுதான் பார்த்தாள்.

"நல்லாப் பசிக்குது போல?" என்றாள்.

"இவ்வளவு நல்லாப் பசிச்சு ஆறு வருஷமாச்சு," என்றான் அவன். சொன்ன பிறகுதான் இருவர் முகத்தையும் பார்த்தான். உருண்டையை மெல்ல மடியில் வைத்தான். "தெரிஞ்சுபோச்சா?"

"கண்ணு தெரியும். காரணந்தான் தெரியல," என்றார் ஹகுரா.

"ஃபுமியேவும் நானும் பேசி ஆறு வருஷமாகுது. ஒரே வீடு, ரெண்டு டி.வி. மீன் இருக்குன்னா ஃபிரிட்ஜ் மேல சீட்டு ஒட்டுவா. நான் தின்னுட்டேன்னு பதில் சீட்டு ஒட்டுவேன்."

"எதுக்குப் பேச்சு நின்னுச்சு?"

"ஞாபகமில்லைங்க. கேட்டேன்னு வைங்க, அதுகூட ஞாபகமில்லையான்னு அது ரெண்டாவது தப்பாயிடும்." கைக்குட்டையால் வாயைத் துடைத்துக்கொண்டான். "மாமா என்னை நிக்கச் சொன்னப்ப, மாட்டேன்னுதான் சொல்ல இருந்தேன். அப்பதான் தோணிச்சு. வேட்பாளர் வாசல் வாசலா போகும்போது சம்சாரம் கூட வந்தே ஆகணும். வந்தா பக்கத்துல நிக்கணும். நின்னா என்னிக்காவது ஒரு வார்த்தை பேசித்தானே ஆகணும்? பொம்மைகிட்ட அதைத்தான் வேண்டிக்கிட்டேன். அது வயித்துல வெற்றின்னு எழுதியிருந்தா அதுக்கு நான் என்ன பண்றது?"

"பேசினாங்களா?"

"முந்தா நாளு. வயக்காட்டு ரோடு, மைக்கெல்லாம் ஆஃப் பண்ணியாச்சு, சுத்தி ஓட்டுப் போடற ஒரு ஆளும் இல்ல. மழை. 'குடைக்குள்ள வாங்க, நனையறீங்க'ன்னா." மடியிலிருந்த உருண்டையை மறுபடி கையில் எடுத்துக்கொண்டான். "பலிச்சதுக்கப்புறம் கண்ணு வரையலைன்னா அது நன்றி கெட்டதனம் இல்லீங்களா? அதான் விடியக்காலம் வந்து வரைஞ்சேன்."

மொமோசேவுக்கு அழுகையும் எரிச்சலும் ஒரே நேரத்தில் வந்தன.

"ஏன்யா, இதுக்கு ஒரு மேயர் தேர்தலா? காலையில சாப்பிடும்போது 'அந்த சோயா சாஸை எடு'ன்னு சொல்லியிருக்கலாமே!"

"ஊரெல்லாம் ஓட்டுக் கேக்கக் கூச்சமா இல்லைங்க. சோயா சாஸ் கேக்கத்தான் தொண்டை அடைச்சுது."

"உங்க தொண்டையை விடுங்க. நாலு மணிக்கு ஒகிட்சுவோட தொண்டையை உங்க மாமனார் அறுக்கப்போறார். அது தெரியுமா?"

தெரியாது போல. வேட்பாளருக்கு யார் எதைச் சொல்கிறார்கள்? தொமோஹாரு பெட்டியை விட்டு எழுந்தான். "நான் சொல்லிடறேன். ஆனா சொன்னா ஃபுமியேவுக்குத் தெரிஞ்சிடும். திட்டம் போட்டுப் பக்கத்துல நிக்க வெச்சேன்னு தெரிஞ்சா, மறுபடி சீட்டு ஒட்ட ஆரம்பிச்சிடுவாளே."

"நாங்க வாயத் தொறக்க மாட்டோம்," என்றார் ஹகுரா. "நாலு மணிக்குள்ள சொல்லவேண்டியது உங்க வாய்."

நாலு மணிக்கு மெத்தைக் கடை நிரம்பி வழிந்தது. பெரியவர் மேடையில் ஏறி, நம்பிக்கைத் துரோகம் பற்றி விளாசித் தள்ளினார். ஒகிட்சு சுவரோரம் தலை குனிந்து நின்றாள். மொமோசே அவள் கையைப் பிடித்துக்கொண்டு, கண்ணால் தொமோஹாருவைக் குத்தினாள். அவன் எழுந்தான்.

"ஒரு நிமிஷம்!" என்றான். கூட்டம் திரும்பியது. அவன் வாய் திறந்தது. "உங்கள் மேலான... கனிவான ஆதரவை... இசோகாய் தொமோஹாருவுக்கு..."

வாரம் முழுக்க அதையே சொல்லிச் சொல்லி வாய்க்கு வேறு எதுவும் வரவில்லை. கூட்டம் பழக்க தோஷத்தில் கைதட்டியது. அவன் வேர்த்து வழிய நின்றான். பெரியவர் மாப்பிள்ளையை உட்காரச் சொல்லிக் கையமர்த்திவிட்டு, "அந்தத் துரோகி வேற யாருமில்ல..." என்று ஒகிட்சு பக்கம் விரலை நீட்டினார்.

"நான்தான்ப்பா."

தேநீர் மூலையிலிருந்து வந்தது குரல். கெண்டியை வைத்துவிட்டு ஃபுமியே முன்னால் வந்தாள். "நான்தான் வரைஞ்சேன். அவங்களை விட்டுடுங்க."

"சார், பொய்!" என்று மொமோசே கிசுகிசுத்தாள்.

"பேசாம இரு. நல்ல இடத்துக்குப் போய்ட்டிருக்கு."

"நீ எதுக்கு ஃபுமியே சொல்றே? நான்தானே வரைஞ்சேன்!" என்று கத்தினான் தொமோஹாரு. அந்தத் தேர்தல் முழுவதிலும் கூட்டத்தின் முன்னால் அவன் சொந்தமாகப் பேசின முதல் வாக்கியம் அதுதான்.

"தெரியும்," என்றாள் அவள். "டீ ஊத்தற இடத்துல தினமும் நிக்கிறது நான்தானே? அந்தப் பொம்மை முதல் நாள்லேர்ந்து என்னையேதான் பாத்துட்டிருந்துச்சு. கை நடுங்கிடுச்சுன்னு எல்லாரும் சிரிச்சாங்க. எனக்குச் சந்தேகந்தான். குடைக்குள்ள கூப்பிட்டதுக்கு மறுநாளே ரெண்டாவது கண்ணும் வந்து, அதுவும் என்னையே பாத்துச்சு. அதுக்கப்புறமும் புரியாம இருக்க நான் என்ன பொம்மையா?"

அவன் ஏதோ சொல்ல வந்தான். அவள் விடவில்லை, அப்பா பக்கம் திரும்பினாள்.

"இவரை நிறுத்தலாம்னு உங்களுக்கு யோசனை சொன்னது யாருப்பா?"

"நீதான். நம்ம குடும்பப் பேரு நிக்கணும்னு..."

"பேரும் இல்ல, ஊரும் இல்ல. வேட்பாளரோட சம்சாரம் பக்கத்துல நின்னுதானே ஆகணும்? நின்னா இந்த மனுஷன் என்னிக்காவது ஒரு வார்த்தை பேசுவாருன்னு பாத்தேன். இவர் ஊரு பூராப் பேசினார், என்கிட்ட மட்டும் பேசல. கடைசியில நானே பேசவேண்டியதாப் போச்சு."

மொமோசே விரல் விட்டு எண்ண முயன்று கைவிட்டாள்: இத்தனை போஸ்டர், இத்தனை மைக், ஒரு டோக்கியோ ஆலோசகர், சுவர் நிறையக் கட்டம்; எல்லாம் ஒரு குடைக்காக. அதுவும் இரண்டு பக்கமும் ஒரே திட்டம்.

பெரியவர் மேடை விளிம்பில் உட்கார்ந்துவிட்டார். அவர் கேட்டது யாரைப் பார்த்து என்று தெரியவில்லை. "அப்ப, மேயர் ஆகணும்னு இங்க யாருக்குத்தான் ஆசை?"

அடுப்பில் வைத்த கெண்டி மட்டும் விசிலடித்தது. செரா தன் வரைபடத்துக்கு முன்னால் போய் நின்று, நடுக் கட்டத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

நல்ல மனிதர் என்று பெரியவரைச் சொல்ல மாட்டேன். ஆனால் எழுந்து போய் ஒகிட்சு முன்னால் இடுப்பு மடங்கக் குனிந்தார். ஐந்து தவணையில் ஓட்டுக்காக இல்லாமல் அவர் குனிந்தது அந்த ஒரு தடவைதான். ஒகிட்சு பதிலுக்குக் குனிந்தாள். பிறகு மூக்கைச் சிந்திக்கொண்டு, "வண்டி சாவி எங்க?" என்றாள்.

அதற்கப்புறம் நடந்ததற்கு யாரும் பொறுப்பில்லை. சட்டப்படி மைக்கை அணைக்க வேண்டிய நேரம் வரைக்கும் ஒகிட்சு குரோமினேயின் சந்து பொந்தெல்லாம் சுற்றினாள். செரா எழுதிக் கொடுத்ததை மடித்துப் பைக்குள் போட்டுவிட்டு, நடந்ததை நடந்தபடியே சொன்னாள். "சோயா சாஸ் கேட்கப் பயந்து தேர்தலில் நிற்கும் இசோகாய் தொமோஹாரு இதோ உங்கள் தெருவில்! கூடவே, குடை பிடித்தபடி, அவர் மனைவி!" எங்கள் குன்மாவில் வீட்டை ஆள்வது பெண்கள்தான், இது நாடறிந்த விஷயம். ஜன்னல் ஜன்னலாகத் திறந்தது. கைக்குழந்தையோடு ஓடி வந்து பார்த்தார்கள். உள்ளே டி.வி. முன்னால் இருந்த புருஷன்மாரையும் கூப்பிட்டுக் காட்டினார்கள்.

ஞாயிற்றுக்கிழமை தொமோஹாரு ஜெயித்தே விட்டான். எதிராளிக்கு விழுந்ததைப் போல இரண்டு பங்கு. அவன் திட்டத்தில் இருந்த ஒரே ஓட்டை அதுதான். ஜெயித்தால் என்ன செய்வது என்று அவனும் யோசித்திருக்கவில்லை, அவளும் யோசித்திருக்கவில்லை.

பதவியேற்ற பிறகு ஒருநாள் மரியாதைக்குப் பார்த்துவிட்டு வரலாம் என்று ஹகுராவும் மொமோசேவும் போனார்கள். நகராட்சிப் படியேறும்போது அவள் கேட்டாள்.

"எனக்குப் புரியல சார். ரெண்டு பேருக்கும் வேண்டியது ஒரு வார்த்தை. எதுக்கு இவ்வளவு சுத்து?"

"நேர் வழியில ஒரு சின்ன பயம் உக்காந்திருந்துச்சும்மா. அதைத் தாண்டறதுக்குப் பதிலா ஊரையே சுத்தி வர்றதுக்கு மனுஷ மூளை திட்டம் போடும். அந்தத் திட்டமும் கனகச்சிதமா இருக்கும். அதுதான் கொடுமை."

மேயர் அறையில் கோப்பு மலை ஒன்று இருந்தது. அதற்குப் பின்னால் தொமோஹாரு இருந்தான். சாக்கடை பற்றிப் புகார் சொல்ல ஒரு கூட்டம் வெளியே காத்திருந்தது. பக்கத்து நாற்காலியில் ஃபுமியே தேநீர் ஊற்றிக்கொண்டு, "சாயந்திரம் மீன் வாங்கணும், மறந்துடாதீங்க," என்று சொல்லிக்கொண்டிருந்தாள். வாயால்தான். மொமோசேவுக்கு அதைக் கேட்கவே நன்றாக இருந்தது.

மேஜை மேல் புதிதாக ஒரு தாருமா இருந்தது. ஒரு கண் வரைந்தாகிவிட்டது.

"புது வேண்டுதலா? என்னன்னு கேக்கலாமா?" என்றாள் மொமோசே.

தொமோஹாரு கோப்பு ஒன்றை எடுத்து முகத்துக்கு நேராகப் பிடித்துக்கொண்டான். அவள் குனிந்து பொம்மையின் கண்ணைப் பார்த்தாள். அது எங்கே பார்க்கிறதோ அங்கே திரும்பிப் பார்த்தாள்.

"சார்," என்றாள் மெதுவாக, "இது வெளியே போற வாசலைப் பாக்குது."

"பாக்கட்டும்மா," என்றார் ஹகுரா. "இன்னும் நாலு வருஷம் பாக்கணுமே."